பெயர் ஒன்று, ஆள் இருவர்: பிரித்துக் காட்டும் பொறுப்பு யாருடையது?

புது தில்லி: 2008ஆம் ஆண்டு நவம்பர் 30ஆம் தேதி சிவராஜ் பாட்டீல் பதவி விலகினார். 2011ஆம் ஆண்டு செப்டம்பர் 19ஆம் தேதியும் சிவராஜ் பாட்டீல் பதவி விலகினார். இரண்டு செய்திகளும் உண்மை. முதலாமவர், மும்பை பயங்கரவாதத் தாக்குதலுக்குத் தார்மிகப் பொறுப்பேற்று விலகிய மத்திய உள்துறை அமைச்சர். இரண்டாமவர், பெங்களூருவில் கர்நாடக லோக் ஆயுக்த பதவியிலிருந்து விலகிய உச்ச நீதிமன்ற முன்னாள் நீதிபதி.

அமைச்சர், மகாராஷ்டிரத்தின் லாத்தூரைச் சேர்ந்த சிவராஜ் விசுவநாத் பாட்டீல். நீதிபதி, கர்நாடகத்தின் ராய்ச்சூர் மாவட்டத்தைச் சேர்ந்த சிவராஜ் விருபண்ணா பாட்டீல். தந்தையின் பெயரைச் சுருக்கினால் இருவருக்கும் 'வி' என்ற ஒரே எழுத்துதான் கிடைக்கிறது. ஆங்கிலத்தில் எழுதும்போது இடையில் ஓர் உயிரெழுத்து கூடுகிறது அல்லது குறைகிறது. தமிழில் எழுதினால் அந்த வேறுபாடும் மறைந்துவிடுகிறது.

இதை வெறும் வேடிக்கையாகக் கருதிவிட முடியாது. சட்டத் துறையிலும் பொது வாழ்விலும் ஒரே பெயரில் பலர் பணியாற்றும்போது, ஒருவரின் புகழும் பழியும் மற்றவரின் கணக்கில் சேரும் வாய்ப்பு எப்போதும் உண்டு. பெரிய பதவியில் இருப்பவர்களை அந்தப் பதவியே அடையாளம் காட்டிக் காப்பாற்றிவிடுகிறது. வாக்குச்சாவடியில் நிற்கும் சாதாரண வாக்காளருக்கு அந்த வசதி இல்லை. 2023ஆம் ஆண்டு பெங்களூருவின் ஜெயநகர் தொகுதி இதை நாட்டுக்கு உணர்த்தியது.

தலைநகரில் சந்தித்த இரு பாதைகள்:

இரண்டு பாட்டீல்களின் பொது வாழ்வும் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாமல் சென்றிருந்தால் குழப்பத்துக்கு அதிக இடம் இருந்திருக்காது. ஆனால் இருவரும் ஒரே காலத்தில் தலைநகரில், ஒருவரையொருவர் நோக்கிக் கடிதம் அனுப்பும் நிலையிலுள்ள இரு அமைப்புகளின் தலைமையில் இருந்தனர்.

நீதிபதி பாட்டீல் கர்நாடக உயர் நீதிமன்றத்திலும் சென்னை உயர் நீதிமன்றத்திலும் பணியாற்றி, ராஜஸ்தான் உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியாகி, 2000ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தவர். 2005இல் ஓய்வு பெற்ற பின் தேசிய மனித உரிமைகள் ஆணையத்தின் உறுப்பினரானார். 2006 நவம்பர் முதல் 2007 மார்ச் வரை ஆணையத்தின் பொறுப்புத் தலைவராகவும் இருந்தார். அதே மாதங்களில் உள்துறை அமைச்சராக இருந்தவர் லாத்தூர் பாட்டீல்.

மனித உரிமைகள் பாதுகாப்புச் சட்டத்தின்படி, புகார்களின் மீது மத்திய அரசிடம் ஆணையம் அறிக்கை கேட்கலாம். ராணுவத்தினர் மற்றும் துணை ராணுவப் படையினர் மீதான புகார்களில் அரசிடமிருந்து அறிக்கை பெறுவதே ஆணையத்துக்கு உள்ள வழி. அரசின் தரப்பில் துணை ராணுவப் படைகளுக்குப் பொறுப்பான அமைச்சகம் உள்துறை. அதாவது, கேள்வி கேட்கும் அமைப்பின் தலைமையிலும் பதில் சொல்லும் அமைச்சகத்தின் தலைமையிலும் அந்த ஐந்து மாதங்கள் ஒரே பெயர் இருந்தது. இரு பதவிகளும் ஒன்றையொன்று கண்காணிக்கும் தன்மை உடையவை என்பதால், இங்கு பெயர்க் குழப்பம் ஏற்பட்டால் அது பொருட்குழப்பமாகவும் ஆகிவிடும்.

2010 டிசம்பரில் இன்னொரு முறை இந்தப் பெயர் தலைப்புச் செய்தியானது. அலைக்கற்றை ஒதுக்கீட்டில் 2001 முதல் 2009 வரை பின்பற்றப்பட்ட நடைமுறைகளை ஆராய அமைக்கப்பட்ட ஒரு நபர் குழு, 'சிவராஜ் பாட்டீல் குழு' என்றே நாடாளுமன்றத்திலும் பத்திரிகைகளிலும் அழைக்கப்பட்டது. குழுவின் தலைவர் ராய்ச்சூர் பாட்டீல். லாத்தூர் பாட்டீல் அப்போது பஞ்சாப் ஆளுநர். தொலைத்தொடர்புத் துறையின் நடைமுறைகளைக் குறை கூறும் ஓர் அறிக்கையை அளித்தவர் ஆளுங்கட்சியின் மூத்த தலைவரா, கட்சி சாராத முன்னாள் நீதிபதியா என்பது அந்த அறிக்கையின் எடையையே மாற்றக்கூடிய கேள்வி. 'நீதிபதி' என்ற ஒரு சொல்லைச் செய்தியாளர் விட்டுவிட்டால், வாசகர் எடுத்துக்கொள்ளும் பொருள் வேறாகிவிடும்.

ராமசாமிகளும் வெங்கடாசலங்களும்:

சற்றுப் பின்னோக்கிச் சென்றால், 1993ஆம் ஆண்டு மே மாதம் இன்னும் விந்தையானது. உச்ச நீதிமன்ற நீதிபதி வி. ராமசாமியைப் பதவி நீக்கம் செய்யக் கோரும் தீர்மானம் மே 10, 11 தேதிகளில் மக்களவையில் விவாதிக்கப்பட்டது. அவைத் தலைவர் இருக்கையில் இருந்தவர் லாத்தூர் சிவராஜ் பாட்டீல். தீர்மானத்துக்கு ஆதரவாக 196 பேர் வாக்களித்தனர். காங்கிரஸ் உறுப்பினர்கள் வாக்களிக்காமல் இருந்துவிட்டதால், தேவையான பெரும்பான்மை கிடைக்காமல் தீர்மானம் தோற்றது. பெங்களூருவில் அப்போது இன்னொரு சிவராஜ் பாட்டீல் உயர் நீதிமன்ற நீதிபதியாக இருந்தார்.

வி. ராமசாமி என்ற பெயரும் உச்ச நீதிமன்றத்துக்குப் புதிதல்ல. ஐ.சி.எஸ். அதிகாரியாகத் தொடங்கி, பாட்னா உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியாக உயர்ந்த வேறொரு வி. ராமசாமி, 1965 முதல் 1969 வரை அதே நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தார். பதவி நீக்கத் தீர்மானத்தைச் சந்தித்த வி. ராமசாமி 1989இல் பதவியேற்ற அதே நாளில், ஆந்திரத்தைச் சேர்ந்த கே. ராமசாமியும் பதவியேற்றார். தீர்ப்புத் தொகுப்புகளைப் புரட்டும் சட்ட மாணவர் ஆண்டைக் கவனிக்காவிட்டால், அறுபதுகளில் தீர்ப்பு எழுதிய ஒருவர் மீது தொண்ணூறுகளின் சர்ச்சையை ஏற்றிவிடக்கூடும். மறைந்தவர் திரும்பி வந்து அதை மறுக்க முடியாது.

அன்றைய இந்தியத் தலைமை நீதிபதி, கர்நாடகத்தைச் சேர்ந்த எம்.என். வெங்கடாசலய்யா. அவரது நீதிமன்றத்தில் சக நீதிபதியாக அமர்ந்திருந்தவர், அதே மாநிலத்தின் என். வெங்கடாசலா. முன்னவர் பின்னாளில் தேசிய மனித உரிமைகள் ஆணையத்தின் தலைவராகவும், அரசியல் சாசனத்தின் செயல்பாட்டை மறுஆய்வு செய்த தேசிய ஆணையத்தின் தலைவராகவும் இருந்தார். பின்னவர் 2001 முதல் 2006 வரை கர்நாடக லோக் ஆயுக்தவாக அரசு அலுவலகங்களிலும் மருத்துவமனைகளிலும் திடீர்ச் சோதனைகள் நடத்தி, மாநிலமெங்கும் மக்களிடம் பெயர் பெற்றார். ஒருவர் சாசன நுட்பத்துக்கும் மற்றவர் களச் சோதனைக்கும் அறியப்பட்டவர்கள். பெயரை அரைகுறையாகக் கேட்பவருக்கு இருவரும் ஒருவரே.

வெங்கடாசலாவுக்குப் பின் லோக் ஆயுக்த நாற்காலியில் அமர்ந்தவர் நீதிபதி சந்தோஷ் ஹெக்டே. சட்டவிரோதச் சுரங்கத் தொழில் பற்றிய அவரது அறிக்கையை அடுத்து 2011 ஜூலையில் முதல்வர் எடியூரப்பா பதவி விலக நேர்ந்தது. அவருக்கு அடுத்து வந்தவரே நீதிபதி சிவராஜ் பாட்டீல். வீட்டு வசதிச் சங்க மனை ஒதுக்கீடு தொடர்பாகக் கேள்விகள் எழுந்தபோது, தாம் தவறு ஏதும் செய்யவில்லை என்று கூறி, ஏழே வாரங்களில் அவர் பதவியைத் துறந்தார். பதவியின் மாண்புக்காகவே விலகியதாகக் கொண்டாலும், குற்றச்சாட்டின் நிழல் வீழ்ந்ததாகக் கொண்டாலும், அந்தக் கணக்கு அவருக்கு மட்டுமே உரியது. லாத்தூர்க்காரருக்கு அதில் பங்கில்லை. அதுபோலவே, மும்பைத் தாக்குதல் வேளையில் எழுந்த விமர்சனங்களில் ராய்ச்சூர்க்காரருக்குப் பங்கில்லை.

பதவியே பெயரான கதை:

கர்நாடகத்தில் இத்தகைய பெயர் ஒற்றுமை அடிக்கடி நேர்வதற்குக் காரணம் உண்டு. பாட்டீல் என்பது முதலில் பெயரே அல்ல, பதவி. கிராமத்தின் வரி வசூலுக்கும் அமைதிக்கும் பொறுப்பான தலைவருக்கு உரிய பட்டம் அது. தமிழகத்தில் மணியக்காரர், நாட்டாண்மைக்காரர் என்றெல்லாம் வழங்குவதைப் போன்றது. பரம்பரைக் கிராமப் பதவிகளை ஒழிக்க அன்றைய மைசூர் மாநிலம் 1961இல் சட்டம் இயற்றியது. பதவி போனது, பட்டம் குடும்பப் பெயராக நிலைத்துவிட்டது. சாதி, மொழி, மாநில எல்லைகளைத் தாண்டி அந்தப் பெயர் பரவியிருக்கிறது.

ஹெக்டே என்பதும் அத்தகைய தலைமைப் பட்டமே. லோக் ஆயுக்த அமைப்புக்குச் சட்டம் கொண்டுவந்த முதல்வர் ராமகிருஷ்ண ஹெக்டே வட கன்னடத்தைச் சேர்ந்தவர். உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்து, 1973இல் பணிமூப்பு புறக்கணிக்கப்பட்டதால் விலகி, பின்னர் மக்களவைத் தலைவரான கே.எஸ். ஹெக்டே தென் கன்னடத்தைச் சேர்ந்தவர். இருவரும் ஜனதா கட்சியில் இருந்தவர்கள். ஆனால் வெவ்வேறு சமூகத்தவர்கள், உறவினர்கள் அல்லர். கே.எஸ். ஹெக்டேயின் மகன்தான் சந்தோஷ் ஹெக்டே. பெயரை மட்டும் பார்த்து உறவைக் கணிப்பவர், இல்லாத உறவைக் கற்பித்துக்கொள்வார்.

தமிழகத்தில் குடும்பப் பெயர் வழக்கம் இல்லை. தந்தையின் பெயரின் முதல் எழுத்தே நம்மைப் பிரித்துக் காட்டுகிறது. தென் கர்நாடகத்தில் ஊரின் எழுத்தும் தந்தையின் எழுத்தும் முன்னால் வரும். முன்னாள் பிரதமர் எச்.டி. தேவெ கௌடாவின் பெயரில் 'எச்' என்பது ஹரதனஹள்ளி என்ற ஊர். 'டி' என்பது தந்தை தொட்டே கௌடா. ஆளைப் பிரித்தறிய ஊரும் தந்தையும் வேண்டும் என்பதை நம் முன்னோர் அறிந்தே வைத்திருந்தனர். எழுத்துகளாகச் சுருக்கியபோதுதான் அந்த அறிவு சுருங்கியது.

நிறுவனங்கள் கண்ட வழி:

இந்தச் சிக்கலுக்கு நாடாளுமன்றம் எளிய வழியைக் கையாள்கிறது. மக்களவை நடவடிக்கைக் குறிப்புகளில் உறுப்பினரின் பெயருக்கு அருகே தொகுதியின் பெயர் இடம்பெறும். 2019இல் அமைந்த மக்களவையில் பெங்களூரு ஊரகத் தொகுதியின் டி.கே. சுரேஷும் மாவேலிக்கரையின் கொடிக்குன்னில் சுரேஷும் காங்கிரஸ் வரிசையில் இருந்தனர். யார் என்ன பேசினார் என்பதில் ஐயம் எழாததற்கு, பெயரை மட்டும் நம்பாத அந்த முறையே காரணம். நீதிமன்றங்களும் வழக்கின் தரப்பினரைத் தந்தை பெயர், வயது, முகவரியுடனேயே பதிவு செய்கின்றன.

எனவே, பதவியில் உள்ளவர்களின் பெயர்க் குழப்பம் பெரும்பாலும் செய்தித்தாளின் கவனக்குறைவோடு முடிந்துவிடுகிறது. அமைச்சர் என்றோ நீதிபதி என்றோ ஒரு சொல் சேர்த்தால் தீர்ந்தது. அந்த ஒரு சொல்லைச் சேர்க்க வேண்டிய இடத்தில் சேர்க்காவிட்டால் என்ன நேரும் என்பதற்குத்தான் ஜெயநகர் உதாரணம்.

பதினாறு வாக்குகள்:

2023ஆம் ஆண்டு மே 13ஆம் தேதி கர்நாடகச் சட்டப்பேரவைத் தேர்தல் வாக்குகள் எண்ணப்பட்டன. மாநிலமெங்கும் முடிவுகள் வெளியான பின்னும் ஜெயநகரில் மட்டும் இரவு வரை இழுபறி நீடித்தது. மறு எண்ணிக்கைகளுக்குப் பின் பாரதிய ஜனதா வேட்பாளர் சி.கே. ராமமூர்த்தி 57,797 வாக்குகளும், காங்கிரஸின் சௌமியா ரெட்டி 57,781 வாக்குகளும் பெற்றதாக அறிவிக்கப்பட்டது. வித்தியாசம் 16. ஏறத்தாழ அதே பெயரில், நடுவே ஓர் எழுத்து மட்டும் கூடுதலாகக் கொண்டு களத்தில் நின்ற ஒரு சுயேச்சைக்கு 320 வாக்குகள் விழுந்திருந்தன.

அந்த 320 வாக்குகளும் தவறி விழுந்தவை என்று எவராலும் நிறுவ முடியாது. ரகசிய வாக்கெடுப்பில் வாக்காளரின் மனத்தைத் தோண்டிப் பார்க்க வழியில்லை. அந்தச் சுயேச்சைக்கும் போட்டியிடும் முழு உரிமை உண்டு. தபால் வாக்குகள் பற்றிய சர்ச்சையே அன்று பெரிதாக இருந்தது. ஆயினும் 320இல் 17 பேர் பெயரைப் பார்த்துத் தடுமாறியிருந்தாலே முடிவு மாறியிருக்கும் என்ற ஐயம், வென்றவருக்கும் நியாயம் செய்யாது, தோற்றவருக்கும் செய்யாது.

தமிழகத்துக்கு இது புதிதல்ல. 2016இல் காட்டுமன்னார்கோவிலில் விடுதலைச் சிறுத்தைகள் தலைவர் தொல். திருமாவளவன் 87 வாக்குகளில் தோற்றார். அதே பெயருடைய சுயேச்சை 289 வாக்குகள் பெற்றிருந்தார். 2004இல் கேரளத்தின் ஆலப்புழையில் வி.எம். சுதீரன் 1,009 வாக்குகளில் தோற்றபோது, இன்னொரு சுதீரன் எட்டாயிரத்துக்கும் மேற்பட்ட வாக்குகளைப் பெற்றிருந்தார். 2019இல் மாண்டியாவில் நடிகை சுமலதாவை எதிர்த்து மேலும் மூன்று சுமலதாக்கள் நின்றனர். 2024இல் ராமநாதபுரத்தில் முன்னாள் முதல்வர் ஓ. பன்னீர்செல்வத்துடன் அதே பெயரில் மேலும் ஐவர் களத்தில் இருந்தனர். மாண்டியாவில் சுமலதா பெரிய வித்தியாசத்தில் வென்றதால் பெயர்க் குழப்பம் முடிவைத் தொடவில்லை. வித்தியாசம் குறுகும்போதுதான் அதன் விலை தெரிகிறது.

விதி இருக்கிறது:

2024 மே 3ஆம் தேதி இந்தப் பிரச்னை உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. ஒரே பெயரில் நிறுத்தப்படும் போலி வேட்பாளர்களைத் தடுக்க வேண்டும் என்ற பொதுநல மனுவை, நீதிபதி பி.ஆர். கவாய் தலைமையிலான மூன்று நீதிபதிகள் அமர்வு ஏற்க மறுத்தது. பெற்றோர் வைத்த பெயருக்காக ஒருவரைத் தேர்தலில் நிற்கவிடாமல் தடுக்க முடியுமா என்று நீதிபதிகள் கேட்டனர். மனு திரும்பப் பெறப்பட்டது. நீதிமன்றத்தின் நிலை சரியானதே. பிரபலமான ஒருவரின் பெயரைக் கொண்டிருப்பது குற்றமாகிவிட்டால், சாதாரண மனிதர் எவரும் தமது சொந்தப் பெயரோடு வேட்புமனு அளிக்க முடியாது.

ஆனால், தடை விதிக்க வேண்டியதில்லை; பிரித்துக் காட்டினாலே போதும். அதற்கான விதி 1961ஆம் ஆண்டின் தேர்தல் நடத்தை விதிகளிலேயே இருக்கிறது. இரண்டு அல்லது அதற்கு மேற்பட்ட வேட்பாளர்கள் ஒரே பெயர் கொண்டிருந்தால், தொழிலையோ வசிப்பிடத்தையோ சேர்த்து, அல்லது வேறு வகையில், அவர்களை வேறுபடுத்திக் காட்ட வேண்டும் என்று 22ஆவது விதியின் மூன்றாவது உட்பிரிவு கூறுகிறது. இரு பாட்டீல்களை நாம் எப்படிப் பிரித்தறிகிறோமோ, அதே வழியைத்தான் விதியை எழுதியவர்களும் எண்ணியிருக்கின்றனர்: ஒருவர் நீதிபதி, மற்றவர் அமைச்சர், ஒருவர் ராய்ச்சூர், மற்றவர் லாத்தூர்.

சிக்கல் 'ஒரே பெயர்' என்ற சொற்களில் இருக்கிறது. நடுவில் ஓர் எழுத்து கூடினாலோ, முதலெழுத்து மாறினாலோ பெயர் வேறு என்று கொள்ள இடமிருக்கிறது. சட்டத்தின் கண்ணுக்கு வேறு. அவசரத்தில் பொத்தானை அழுத்தும் முதியவரின் கண்ணுக்கு ஒன்று. ஒரே பெயர் என்பதோடு, மயங்கத்தக்க பெயர் என்பதையும் விதியில் சேர்த்தால் தேர்தல் நடத்தும் அலுவலரின் கை வலுப்பெறும்.

தேர்தல் ஆணையம் சும்மா இருந்துவிடவில்லை. 2015 மே மாதத்துக்குப் பிந்தைய தேர்தல்களில் வேட்பாளரின் புகைப்படமும் இயந்திரத்தின் வாக்குச்சீட்டில் அச்சிடப்படுகிறது. 2025 பிகார் தேர்தலிலிருந்து அது வண்ணப் படமாகவும், முகம் தெளிவாகத் தெரியும் அளவிலும் அமைக்கப்பட்டது. இவை வரவேற்கத்தக்கவை. எனினும், காட்டுமன்னார்கோவிலும் ஜெயநகரும் புகைப்படம் வந்த பின் நடந்த தேர்தல்கள்தான். வண்ணப் படம் எந்த அளவுக்கு உதவுகிறது என்பதை இனிவரும் நெருக்கமான போட்டிகளே சொல்லும்.

மறுபக்கம்:

பெயர் ஒற்றுமை வேட்பாளர்களோடு நிற்பதில்லை. வாக்காளர் பட்டியலில் அது தலைகீழாகத் திரும்புகிறது. 2025 ஆகஸ்ட் 7ஆம் தேதி எதிர்க்கட்சித் தலைவர் ராகுல் காந்தி, பெங்களூரு மத்திய மக்களவைத் தொகுதிக்கு உட்பட்ட மகாதேவபுராவில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட முறைகேடான வாக்குகள் இருந்ததாகக் குற்றம் சாட்டினார். அவற்றில் 11,965 இரட்டைப் பதிவுகள் என்பது அவரது கணக்கு. தேர்தல் ஆணையம் குற்றச்சாட்டை மறுத்தது. உறுதிமொழியுடன் எழுத்து மூலம் அளிக்குமாறு கேட்டது.

அந்த அரசியல் சர்ச்சையில் யார் பக்கம் நியாயம் என்பது ஒருபுறம் இருக்கட்டும். அடிப்படையில் அங்கும் எழுவது பழைய கேள்விதான்: ஒரே பெயர் இரண்டு இடங்களில் இருந்தால், ஒருவர் இருமுறை பதிவானாரா, அல்லது இருவர் ஒரே பெயரில் இருக்கின்றனரா? முதலாவது உண்மையானால் நீக்காவிட்டால் தவறு. இரண்டாவது உண்மையானால் நீக்கினால் தவறு. லட்சுமிகளும் மஞ்சுநாத்களும் தெருவுக்கு நால்வராக வாழும் நகரத்தில், பெயரை மட்டும் வைத்துக் கணினி எடுக்கும் முடிவு ஒரு குடிமகனின் வாக்குரிமையைப் பறித்துவிடக்கூடும்.

பெயருக்குப் பதிலாக எண்ணை நம்பினால் தீராதா என்று கேட்கலாம். அந்த யோசனைக்கும் அதன் எதிர்ப்புக்கும் பெங்களூருவே களமாக இருந்தது. ஆதார் திட்டத்துக்குத் தலைமையேற்ற நந்தன் நிலகேணி அந்நகரத்தவர். அதை எதிர்த்து 2012இல் உச்ச நீதிமன்றம் சென்ற முன்னாள் நீதிபதி கே.எஸ். புட்டசாமியும் அந்நகரத்தவரே. அவரது வழக்கில்தான் அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று 2017இல் ஒன்பது நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். எண் ஆளைப் பிரித்துக் காட்டும். ஆனால் எல்லாவற்றையும் ஓர் எண்ணில் கோக்கும்போது வேறு ஆபத்துகள் வருகின்றன. தவிர, வாக்குச்சீட்டில் வேட்பாளரின் எண்ணைப் பார்த்து எவரும் அடையாளம் காணப்போவதில்லை.

செய்யக்கூடியது என்ன?

தீர்வு அத்தனை கடினமானதல்ல. பெயர் மயக்கம் எழும் தொகுதிகளில், வேட்பாளர்களின் ஊரையும் தொழிலையும் வாக்குச்சீட்டில் அச்சிடுவதை அலுவலரின் விருப்பத்துக்கு விடாமல் கட்டாயமாக்கலாம். வாக்காளர் பட்டியலில் பெயரொற்றுமையைக் காரணம் காட்டி நீக்கும் முன், வீட்டுக்குச் சென்று விசாரிப்பதை உறுதி செய்யலாம். இவற்றுக்குப் பெரும் செலவோ புதிய தொழில்நுட்பமோ தேவையில்லை. ஒரு வரி கூடுதல் அச்சும், ஒரு முறை கூடுதல் நடையும் போதும்.

அமைச்சரையும் நீதிபதியையும் பிரித்தறிய நாட்டுக்கு ஒரு சொல் போதுமானதாக இருந்தது. அந்த ஒரு சொல்லை வாக்காளருக்கும் கொடுத்துவிட்டால், பெயரின் மேல் பழி போட வேண்டிய அவசியம் எவருக்கும் வராது. பெயர் பெற்றோர் தந்தது. அதை மாற்றிக்கொள்ளச் சொல்லும் உரிமை அரசுக்கு இல்லை. ஆனால் அந்தப் பெயருக்கு உரியவர் எவர் என்று தெளிவாகக் காட்டும் கடமை அரசுக்கு உண்டு.